காய்ச்சலில் இறந்த பிள்ளைகள்

வால்பேர் கோட்டைக்கு ஆன்ஸோ வந்து சேர்ந்த நாளில் அவன் காலில் இருந்தது செருப்பா சேறா என்று காவல்காரனுக்குத் தெரியவில்லை. பேராலயப் பள்ளியில் லத்தீன் படித்தவன். குருப்பட்டம் பெறுவதற்கு முன் மதுக்கடைச் சண்டையில் ஒருவனுடைய பல்லை உடைத்ததற்காக விரட்டப்பட்டவன். பழங்காலத்து ராஜா ராணிக் கதைகளை லத்தீன் ஏடுகளிலிருந்து எடுத்து நம் வீட்டுப் பேச்சில் எதுகையோடு பாட்டாகக் கட்டிச் சொல்லுவேன் என்றான். காவல்காரன் சிரித்தான். உள்ளே விடச் சொன்னவள் ரிஷில்த் சீமாட்டி.

பிரபு ஒதோனின் மனைவி அவள். சிறு பெண்ணாக இருந்தபோது குதிரையிலிருந்து விழுந்து இடது கால் வளைந்துபோயிருந்தது. அதை இழுத்துத்தான் நடப்பாள். ஒதோன் வருஷத்தில் பாதி நாள் யாருடைய சண்டையிலாவது இருப்பார். கோட்டை, வயல், திராட்சைத் தோட்டம், ஆலை எல்லாம் அவள் பொறுப்பு. நோயாளிகளுக்குப் பச்சிலை கொடுப்பாள். ஆன்ஸோவுக்குப் பன்றிக் கொழுப்பு போட்ட பட்டாணிக் கஞ்சி கொடுத்தாள். கணவரின் பழைய சட்டை ஒன்றையும் கொடுத்தாள். "பாட்டு நல்லா இல்லேன்னா சட்டையைத் திருப்பி வாங்கிக்குவேன்" என்றாள்.

பாட்டு நன்றாக இருந்தது. அவன் தங்கிவிட்டான்.

ரிஷில்த்துக்கு இரண்டு பிள்ளைகள். மூத்தவன் எமெரி, அடுத்தவள் ஐடா. ஒரு தவக்காலத்தில் கோட்டையில் காய்ச்சல் புகுந்தது. ஒதோன் அப்போது தொலைவில் ஒரு முற்றுகையில் இருந்தார். முதலில் குதிரைக்காரன் ஒருவன் செத்தான், பிறகு துவைக்கிற பெண்கள், பிறகு இரண்டு பிள்ளைகளும். ஆன்ஸோ கிணற்றிலிருந்து தண்ணீர் சுமந்து சுமந்து கொண்டுவந்தான். ஜன்னி கண்டு எமெரி உதைத்தபோது அவன் கால்களை அழுத்திப் பிடித்துக்கொண்டவனும் ஆன்ஸோதான்.

பிள்ளைகள் போன பிறகு ரிஷில்த் ஒரே ஒரு கதையைத்தான் கேட்டாள். தேயோனா என்ற பழங்கால ராணியின் கதை. கொள்ளைநோய்க்கு இரண்டு பிள்ளைகளையும் பறிகொடுத்த அவளைக் கணவன் தள்ளிவைக்கிறான். அவள் மலையடிவாரத்தில் உட்கார்ந்து அழுது அழுது நீரூற்றாகிப்போகிறாள்.

"அவ ஊத்தாப் போன எடத்தை இன்னொருக்கா சொல்லு, ஆன்ஸோ."

சொல்லுவான். அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்பாள். சில நாள் அப்படியே தூங்கிப்போவாள். வேறு எந்த வழியிலும் அவளுக்குத் தூக்கம் வரவில்லை.

ஒதோன் திரும்பி வந்தார். பிள்ளைகளின் கல்லறையில் ஒரு நாள் முழுக்க நின்றார். அதற்குப் பிறகு வருஷங்கள் போயின, அவள் கருத்தரிக்கவில்லை. திருச்சபைத் தலைவரான மேற்றிராணியாரின் மன்றத்தில் யாரோ வம்சக் கணக்குப் போட்டுப் பார்த்து, இருவரும் தூரத்துப் பங்காளி முறை, ஆகவே நடந்தது திருமணமே அல்ல என்று கண்டுபிடித்தார்கள். ஓப் ஆற்றங்கரைக் கன்னியர் மடத்தில் ரிஷில்த்தை வைப்பதென்றும், அவள் சீதனமாகக் கொண்டுவந்த ஆலையின் வருமானம் அவள் அங்கே இருக்கும்வரை மடத்துக்கு என்றும் முடிவாயிற்று.

கோவேறுகழுதை முற்றத்தில் நின்றது. அவள் ஏறி உட்கார்ந்துகொண்டு கூட்டத்தில் ஆன்ஸோவைத் தேடினாள்.

"நீயும் வர்றியா? மடத்துல கதை சொல்ல ஆள் இருக்காது."

"கையில ஒரு பாட்டு பாதியில நிக்குது, சீமாட்டி."

"சரி. முடிச்சுட்டு வா" என்றாள். அவன் போகமாட்டான் என்று அவளுக்குத் தெரிந்திருக்கும்.

புதிய மனைவி பெத்ரொனில் வந்தாள். இளம் வயது. தகப்பன் கம்பளி வணிகத்தில் கொழுத்துப் பிறகு பிரபுப் பட்டம் பெற்றவர். கெட்டிக்காரி. வந்த முதல் வாரத்திலேயே அவளுக்குப் புரிந்துவிட்டது. வேலைக்காரிகள் "நம்ம சீமாட்டி" என்று சொன்னால் அது தன்னை அல்ல. உடம்பு சரியில்லாதவர்கள் கோட்டை வாசலைத் தாண்டி மடத்துக்குப் போனார்கள். முதல் மனைவி உயிரோடு இருக்கும்போது வந்தவள் என்ன முறை, அவள் வயிற்றில் இருப்பது என்ன முறை என்று துவைக்கிற துறையில் பேச்சு. பெத்ரொனில் அப்போது மூன்று மாதக் கர்ப்பிணி.

அவள் ஆன்ஸோவைக் கூப்பிட்டனுப்பினாள். கையில் பூத்தையல். தலையை நிமிர்த்தவில்லை.

"அந்த அம்மாவுக்கு தெனமும் ஒரு கதை சொல்லுவியாமே. எனக்கும் சொல்லு."

சொன்னான்.

"புள்ளைங்க எப்படிச் செத்துச்சுன்ன?"

"கொள்ளைநோய், சீமாட்டி."

"ப்ச். நோய்ல புள்ளை சாகாத வீடு எந்த ஊர்ல இருக்கு? இதுக்கு யாரு அழுவா?"

"ஏட்டுல அப்படித்தான் எழுதியிருக்கு."

"ஏட்டுல இருக்கறதை ஒப்பிக்க உனக்கெதுக்குச் சோறு போடணும்? அதுக்கு நம்ம பாதிரியார் போதுமே. அவரு கொஞ்சமாத்தான் திங்கறாரு."

தோழிகள் சிரித்தார்கள். ஆன்ஸோவின் காது சிவந்தது. பிறகு, "யாரோ கொன்னுட்டதா வெச்சுக்கலாம்" என்றான்.

"யாரு கொன்னது?"

இப்போதுதான் அவள் தலை நிமிர்ந்தது. ஊசி நின்றது.

சீமாட்டி கட்டாயப்படுத்தினாள், நான் என்ன செய்ய என்று பிற்காலத்தில் ஆன்ஸோ பல பேரிடம் சொல்லியிருக்கிறான். அன்றைக்கு அந்த அறையில் இருந்த தோழி ஒருத்தி எங்கள் சாந்த்ரே ஊரில்தான் வாழ்க்கைப்பட்டாள். அவள் சொல்வது வேறு. யாரும் அவனைக் கட்டாயப்படுத்தவில்லை. தொலைத்த பொருள் கிடைத்தவன்போல அவன் முகம் மலர்ந்ததாம்.

"அம்மாவேதான்" என்றானாம்.

இலையுதிர்காலம் முழுக்க எழுதினான். கதை ஓடியது. ராணியைத் தள்ளிவைக்கப் போகிறான் ராஜா. அவனைப் பழிவாங்க அவள் தன் பிள்ளைகளையே குளிக்கிற தொட்டியில் அமுக்கிக் கொல்லுகிறாள். எல்லாம் சரியாக வந்தது, ஓர் இடத்தைத் தவிர. அவள் பிள்ளைகளின் அறைக்கு நடந்துபோகிற இடம் உயிரில்லாமல் கிடந்தது. கொல்லப்போகிற தாய் எப்படி நடப்பாள்? வேகமாக நடக்கவைத்துப் பார்த்தான், மெதுவாக நடக்கவைத்துப் பார்த்தான். பிறகு ஒரு நாள் அவளை நொண்டியாக்கினான். உடனே அந்தப் பகுதி எழுந்து நின்றுவிட்டது.

கிறிஸ்துமஸ் விருந்தில் அரங்கேற்றம். வழக்கப்படி தொடக்கத்தில் சத்தியம் செய்தான்: நான் எதையும் கூட்டவில்லை, குறைக்கவில்லை, முன்னோர் ஏடு சொல்வதையே சொல்கிறேன். பிறகு பாடினான். அந்த இடம் வந்ததும் குரலைத் தாழ்த்திக்கொண்டு, மேசையில் ஒரு விரலால் தட்டினான், மறு விரலால் தேய்த்தான்.

இழுத்து வருகுது ஒரு கால், துயில் எழுப்பாது வருகுது மறுகால்;
உறங்கும் பிள்ளைக்குத் தெரியுமோ, வருவது தாயா, கூற்றா?

தட்டு, தேய்ப்பு. தட்டு, தேய்ப்பு. பல வருஷம் அந்தச் சத்தத்தை அதே கூடத்தில் கேட்டவர்கள் அங்கே உட்கார்ந்திருந்தார்கள். சமையல்கட்டுப் பெண் ஒருத்தி எழுந்து வெளியே போனாள். மற்றவர்கள் இருந்த இடத்திலேயே உட்கார்ந்து அழுதார்கள். முடிந்ததும் பெத்ரொனில் தன் தோளிலிருந்த அணில்தோல் மேலங்கியைக் கழற்றி அவனுக்குப் போர்த்தினாள்.

மறுநாள் காலையில் ஒதோன் அவனைக் குதிரை லாயத்துக்கு வரச் சொன்னார். யாரும் அருகில் இல்லை.

"நீ அப்ப இங்கதானே இருந்த?"

"இருந்தேன், பிரபு."

"காய்ச்சல்தானே?"

ஆன்ஸோவின் தோளில் புது மேலங்கி இருந்தது. "காய்ச்சல்னுதான் எல்லாரும் சொன்னாங்க, பிரபு. கடைசி நேரத்துல அவங்க மட்டுந்தான் உள்ள இருந்தாங்க. கதவு சாத்தியிருந்துச்சு."

அவன் சொன்ன ஒவ்வொரு சொல்லும் உண்மை. சாகிற பிள்ளையை யாரும் வேடிக்கை பார்க்கக்கூடாது என்று ரிஷில்த்தான் கதவைச் சாத்தினாள். ஒதோன் குதிரையின் கழுத்தைத் தடவிக்கொண்டே நின்றார்.

"சாத்தியிருந்துச்சா" என்றார். வேறெதுவும் கேட்கவில்லை.

கோலன் என்று ஒரு கூத்தாடி உண்டு. பெரிய வாய், அதனால் தவளைக் கோலன் என்று பெயர். கோட்டைக்கு வந்தவன் பாட்டைக் கேட்டுப் பாடம் பண்ணிக்கொண்டு போனான். சந்தைகளில் முழுப் பாட்டையும் கேட்க யாருக்குப் பொறுமை? ராஜாவின் வம்சம், போர், ராணியின் புலம்பல் எல்லாவற்றையும் கழித்தான். தொடக்கச் சத்தியத்தையும் தொட்டியையும் நடையையும் வைத்துக்கொண்டான். முக்காடு போட்டுக்கொண்டு அவனே நொண்டிக் காட்டுவான். பெண்கள் பிள்ளைகளை இறுக்கிக்கொள்வார்கள், ஆண்கள் கத்துவார்கள். இரண்டு வருஷத்தில் ஓப் ஆற்றுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் தெருப் பிள்ளைகள் ஒருவரையொருவர் துரத்திப் பிடிக்கிற விளையாட்டில் துரத்துகிறவள் நொண்டிதான்.

எந்த நொண்டி என்று யாரோ கேட்டிருக்க வேண்டும். யாரோ பதில் சொல்லியிருக்க வேண்டும்.

மடத்தில் ரிஷில்த் நோயாளிகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அனாதைப் பிள்ளைகள் அவள் பொறுப்பில் இருந்தார்கள். பச்சிலை வாங்க வருகிறவர்கள் குறைந்தார்கள். வந்தவர்கள் வேறு சகோதரி கையால் கொடுக்கச் சொன்னார்கள். ஒரு நாள் வாடகை வண்டிக்காரன் ஒருவனின் மனைவி கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தாள். தொண்டை அடைத்து நீலம் பாய்ந்த குழந்தை. வேறு யாரும் இல்லாததால் ரிஷில்த் வாங்கி மடியில் போட்டுக்கொண்டாள். குழந்தை மடியிலேயே செத்தது.

"குடுத்தப்ப உசுரோட இருந்துச்சே!" என்று அந்தப் பெண் மடத்து வாசலில் நாள் முழுக்கக் கத்தினாள்.

அந்த வாரமே ஒதோன் ஆலையின் வருமானத்தை நிறுத்தினார். பிள்ளைகளைக் கொன்றவளுக்குத் தன் ரொட்டி போகாது என்றார். அது அவளுடைய சீதனம் என்று எடுத்துச் சொல்ல யாரும் இல்லை. மடத்துத் தலைவி ரிஷில்த்தைக் கூப்பிட்டாள்.

"உன்னை நான் நம்பறேன், மகளே. ஆனா மடம் சாப்பிடணுமே."

"நான் எங்க போவேன், தாயே?"

"ஜெபம் பண்றேன், உனக்காக" என்றாள் தலைவி. வாசல்வரை கூட வந்தாள்.

எங்கள் சாந்த்ரே ஊரில் அப்போது இளவேனில் சந்தை. ஆன்ஸோவுக்கு ஒதோன் இங்கே கல்வீடு ஒன்று கொடுத்திருந்தார். அவன் மீன் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது கதவு தட்டப்பட்டது. ரிஷில்த் நின்றாள். முகத்தில் எலும்புதான் இருந்தது. கையில் ஊன்றுகோல்.

"பாட்டு முடிஞ்சுடுச்சாமே" என்றாள். "முடிச்சுட்டு வான்னேனே, வரலையே. அதான் நானே வந்தேன். பாடு, கேக்கறேன்."

"வேணாம், சீமாட்டி."

"ஊரே கேட்டுடுச்சு. நான் மட்டும் கேக்கக்கூடாதா?"

அவன் காலில் விழுந்தான். அவள் எழுப்பவில்லை. பெஞ்சில் உட்கார்ந்து அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். கடைசியில் அவன் எழுந்து பாடினான். முதலில் நாக்கு ஒட்டிக்கொண்டது. போகப்போகக் குரல் தன்னால் சரியானது, கை தன்னால் அசைந்தது. தொட்டி வந்தபோது அவன் உள்ளூர அவள் முகத்தைக் கவனித்தான், எந்த வரியில் அது மாறுகிறது என்று.

முடிந்ததும் ரிஷில்த் கன்னத்தைத் துடைத்துக்கொண்டாள். அழுதிருந்தாள்.

"நல்லா இருக்கு" என்றாள். "அந்தப் புள்ளைங்களுக்காக அழுகை வந்துடுச்சு. என்ன திறமைடா உனக்கு." பிறகு சொன்னாள்: "நாளைக்கு சந்தையில அந்தக் கூத்தாடி பாடுவானாம். நீ ஏறி நில்லு. இது நான் கட்டினது, நெசத்துல காய்ச்சல்னு சொல்லு. அது போதும். வேறெதுவும் எனக்கு வேணாம்."

"சொல்றேன்."

சொல்லவும் செய்தான். அதை நாங்கள் மறுக்க முடியாது. கோலன் பாடி முடித்துத் தொப்பியைத் திருப்பிப் பிடித்தபோது, ஆன்ஸோ கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு திராட்சை ரசப் பீப்பாய் ஒன்றின் மேல் ஏறினான்.

"கேளுங்க! இதெல்லாம் பொய்! ராணி யாரையும் கொல்லல! நான்தான் கட்டினேன்!"

"யாருய்யா நீ?" என்றான் ஒருவன்.

"ஆன்ஸோ! இந்தப் பாட்டைக் கட்டினவன்!"

"ஏட்டுல இருக்குன்னு பாட்டுலயே வருதே. கூட்டல குறைக்கலன்னு சத்தியம் பண்ணியிருக்கே."

"அந்த சத்தியமும் நான் கட்டினதுதான்!"

கூட்டம் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தது. "பழைய காலத்து ஏட்டை இவரு கட்டினாராம்! ஆதாமுக்குக் கோவணம் கட்டிவிட்டதும் நீதானாய்யா?" என்றாள் பாலாடைக்கட்டி விற்கிறவள். கோலன் பெரிய வாயைத் திறந்து, "விடுங்கப்பா, ஒவ்வொரு ஊர்லயும் ஒருத்தன் இப்படி வர்றான். எனக்கே நாலு அப்பன் இருக்கான்" என்றான்.

அப்போது ரிஷில்த், தன்னைப் பார்த்தாலாவது புரிந்துகொள்வார்கள் என்று நினைத்தாளோ என்னவோ, கூட்டத்தை விலக்கிக்கொண்டு நடுவே வந்தாள். ஊன்றுகோல் தட்டியது, கால் தேய்ந்தது.

எல்லாரும் கைதட்டினார்கள். அவளைக் கோலனின் ஆள் என்று நினைத்துவிட்டார்கள்.

"அடேயப்பா! என்னமா நடக்கறா! கோலா, உன்னைவிட இவ தேவல!"

"இன்னொருக்கா நட, ஆத்தா!"

"நான் கூத்தாடி இல்ல" என்றாள் அவள். "நான் ரிஷில்த். என் புள்ளைங்க காய்ச்சல்ல…"

"பேசவும் பேசறா! நட, நட!"

யாரோ ஊன்றுகோலைப் பிடுங்கினார்கள். பின்னாலிருந்து தள்ளினார்கள். விழாமலிருக்க அவள் நடந்தாள். அவளைச் சுற்றி வட்டம் போட்டுக்கொண்டு, அவள் கால் தேய்கிற தாளத்துக்கு எல்லாரும் பாடினார்கள். இழுத்து வருகுது ஒரு கால். அவள் வட்டத்தை எத்தனை முறை சுற்றினாள் என்று யாருக்கும் தெரியாது. ஆன்ஸோ பீப்பாய் மேலேயே நின்றான். கத்திக் கத்திக் குரல் போயிருந்தது. இறங்கவில்லை.

கூத்து என்று நினைத்தவரைக்கும் அவளுக்கு ஆபத்து இருக்கவில்லை. வண்டிக்காரனின் மனைவி சந்தைக்கு வந்திருந்தாள். அவள் முன்னால் வந்து எட்டிப் பார்த்தாள்.

"இவ கூத்தாடி இல்லடி! இவதான் வால்பேர்க்காரி! என் புள்ளையை மடியில வெச்சுக் கொன்னவ!"

பாட்டு நின்றது. அதற்குப் பிறகு நடந்ததை விவரிக்க வேண்டாம். காவலர்கள் வந்து கூட்டத்திடமிருந்து அவளை மீட்டபோது அவளுக்கு ஒரு காதில் சதை இல்லை.

விசாரணை மேற்றிராணியாரின் அதிகாரி முன் நடந்தது. சந்தைக்காக ஊரில்தான் இருந்தார்கள் ஒதோனும் பெத்ரொனிலும். பெத்ரொனில் மடியில் ஆண் குழந்தை. அதிகாரி ஒதோனைத்தான் முதலில் கேட்டார். காய்ச்சல் என்று அவர் ஒரு சொல் சொல்லியிருந்தால் அத்தோடு முடிந்திருக்கும்.

"நான் ஊர்ல இல்ல" என்றார் ஒதோன். "கதவு சாத்தியிருந்துச்சுன்னு கேள்வி."

அதிகாரி ஆன்ஸோவின் பக்கம் திரும்பினார். மெல்லப் பேசுகிற மனிதர். "நீ சந்தையில வேற மாதிரி சொன்னியாம். சரி, யோசிச்சு பதில் சொல்லு. பாட்டு இந்த அம்மாவைப் பத்தினதுன்னா, அதுவும் பொய்யின்னா, உயர்குலப் பெண் மேல பழி பாடினவன் நாக்கை அறுக்கணும். அது சட்டம். உன் பாட்டு பொய்யா?"

ஆன்ஸோ வாயை மூடிக்கொண்டான். பற்களுக்குப் பின்னால் நாக்கு இருப்பது அவனுக்குத் தெரிந்தது.

"பாட்டு பழங்கால ராணியைப் பத்தினது, ஐயா. ஏட்டுல இருக்கறது. இந்த அம்மாவைப் பத்தி எனக்கு ஒண்ணும் தெரியாது."

"அப்ப சந்தையில?"

"குடிச்சிருந்தேன்."

ரிஷில்த் தலைக்கட்டை ஒதுக்கிக்கொண்டு அவனைப் பார்த்தாள். "எமெரி உதைச்சப்ப அவன் காலை யாரு புடிச்சிருந்தது, ஆன்ஸோ?" என்று கேட்டாள். குரலில் கோபம் இல்லை. நிஜமாகவே ஞாபகப்படுத்துகிறவள்போலக் கேட்டாள்.

சாட்சிக்குத் தெரியாததைக் கேட்க வேண்டாம் என்றார் அதிகாரி.

கொன்றதற்குச் சாட்சி இல்லை, ஆகவே கொல்லக்கூடாது. விட்டால் ஊர் கலவரப்படும், ஆகவே விடவும் கூடாது. தேவாலயத்தின் வடக்குச் சுவரை ஒட்டி ஒரு சிற்றறை கட்டி, அதில் அவளை வைத்து வாசலை அடைத்துவிடுவது, சாகும்வரை தவம் செய்யட்டும் என்று தீர்ப்பு. ஒரு கையகல ஜன்னல் கோயிலுக்குள், இன்னொன்று தெருப்பக்கம், ரொட்டிக்காக. வாசலைக் கல் வைத்து அடைக்கிற அன்று பெத்ரொனில் ஒரு கம்பளிப் போர்வை கொடுத்தனுப்பினாள். இரக்கமுள்ள சீமாட்டி என்று ஊர் சொன்னது.

அடுத்த சந்தையில் கோலன் தன் இடத்தை மாற்றிக்கொண்டான். வடக்குச் சுவர் ஜன்னலுக்குக் கீழேதான் கூட்டம் தானாகச் சேர்ந்தது. அங்கே நின்று பாடினான். பாட்டு முடிந்ததும் உள்ளே அவள் நடக்கிற சத்தம் கேட்கிறதா என்று மக்கள் ஜன்னலில் காதை வைத்தார்கள். கோலனுக்குத் தொண்டை போன பிறகு வேறு கூத்தாடிகள் வந்தார்கள். வருஷத்துக்கு இரண்டு சந்தை, இடையில் திருவிழாக்கள், போகிற வருகிற யாத்திரிகர்கள். தொடக்கத்தில் அவள் உள்ளிருந்து "காய்ச்சல், காய்ச்சல்" என்று சொல்வாள். பிறகு பாட்டு முடியும்வரை பேசாமலிருந்தாள். பிறகு பாடகன் ஒரு வரியை விட்டுவிட்டால் எடுத்துக்கொடுத்தாள்.

பல வருஷம் கழித்து ஒரு தவக்காலத்தில் அவள் பாதிரியாரைக் கூப்பிட்டனுப்பி, ஜன்னலருகே நின்றவர்கள் கேட்கப் பாவசங்கீர்த்தனம் செய்தாள். பிள்ளைகள் இருவரையும் தொட்டியில் அமுக்கியது தான்தான் என்றாள். பாதிரியார் அழுதுகொண்டே மன்னிப்பு வழங்கினார். கோயில் மணி அடித்தார்கள். செய்தி வால்பேருக்குப் போனபோது ஒதோன் முழந்தாளிட்டுக் கடவுளுக்கு நன்றி சொன்னாராம். இத்தனை காலம் அவருக்கும் ஒரு சந்தேகம் இருந்திருக்கிறது.

ஆன்ஸோ அப்போது வேறொரு பெரிய அரண்மனையில் இருந்தான். தலை நரைத்துவிட்டது, பெயர் பரவியிருந்தது. கேள்விப்பட்டுக் கிளம்பி வந்தான். ஜன்னலுக்கு முன் யாத்திரிகர்களின் வரிசை. அவனும் நின்று, முறை வந்ததும் குனிந்தான்.

"யாரு?"

"ஆன்ஸோ, சீமாட்டி."

"நீயா! வா, வா. வெளிய குளுருதா?" குரல் தெளிவாக இருந்தது.

"பாதிரியார்கிட்ட என்னமோ சொன்னீங்களாமே. அது நடக்கல. காய்ச்சல். நான் பார்த்தேன். ஐடாவுக்குத் தலை கொதிச்சுதுன்னு முடியெல்லாம் வெட்டினோம். நீங்கதான் கத்தரி புடிச்சீங்க."

"இல்லடா" என்றாள். "முடி நீளமா இருந்துச்சு. நனைஞ்சு கனத்துப் போயி, தண்ணியில பூ விரியற மாதிரி விரிஞ்சுது. என் விரல்ல சுத்திக்கிச்சு. இன்னிக்கும் எனக்கு அது தெரியுது."

"அது என் வரி, சீமாட்டி! நான் எழுதினது!"

"தெரியும். உனக்கு ஒருத்தனுக்குத்தான் அது தெரிஞ்சிருந்துச்சு. நான்தான் உன்னை இத்தனை வருஷம் மனசுக்குள்ள திட்டிக்கிட்டே கெடந்தேன். மன்னிச்சுக்க."

ஜன்னலிலிருந்து ஒரு கை வெளியே வந்து அவன் கையைத் தேடியது. அவன் பின்னால் நகர்ந்தான். "காய்ச்சல்!" என்று கத்தினான். "காய்ச்சல், சீமாட்டி! கேக்குதா?"

"பாவமன்னிப்பு கெடைச்சு நிம்மதியா இருக்கறவளைப் போட்டு ஏன்யா படுத்தற?" என்று பின்னால் நின்றவள் அவன் மேலங்கியைப் பிடித்து இழுத்தாள். "தள்ளு. நாங்க எவ்வளவு தூரத்துலேர்ந்து வர்றோம்."

ரிஷில்த் அதற்குப் பிறகு அதிக காலம் இல்லை. கடைசிவரை நன்றாகத் தூங்கினாள் என்று ரொட்டி கொண்டுபோகிறவள் சொன்னாள்.

ஆன்ஸோ தன் அரண்மனைக்குத் திரும்பி தேயோனா கதையை மறுபடி எழுதினான், ஏட்டில் இருந்தபடியே, கொள்ளைநோயும் நீரூற்றுமாக. நல்ல பாட்டு என்று கேட்டவர்கள் சொல்கிறார்கள். மூன்று நான்கு அரண்மனைகளில் அதைப் பாட எழுந்தான். எங்கும் பாதியில் நிறுத்தி, அந்தத் தொட்டிப் பாட்டைப் பாடுங்கள் என்று கேட்டார்கள். பாடினான்.